அத்தியாயம் 9: கேஸ் நிற்கிறது, விவகாரம் போய்விட்டது

சேலம் ஃபேர்லேண்ட்ஸ் மெயின் ரோட்டை ஒட்டி ஒரு கீழ்த்தளக் கடை இருப்பதாக வைத்துக்கொள்வோம். உரிமையாளரின் மகன் மருத்துவம் முடித்துவிட்டான். ஆஸ்பத்திரிகளும் ஸ்கேன் சென்டர்களும் நெருக்கியடிக்கும் இந்தப் பகுதியில் சொந்தக் கட்டடத்திலேயே கிளினிக் போட்டுவிடலாம் என்று வீட்டில் முடிவாகிறது. கடையில் இருப்பவர் காலி செய்ய மறுக்கிறார். 2015இல், அப்போது அமலில் இருந்த 1960ஆம் ஆண்டு வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தின்கீழ் அஸ்தம்பட்டி நீதிமன்ற வளாகத்தில் மனு போடுகிறார்கள். முன்சீப் கோர்ட்டில் சில வருடம், சப் கோர்ட் அப்பீலில் சில வருடம், அப்புறம் சென்னை உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு. சேலமும் நாமக்கல்லும் மதுரைக் கிளைக்குள் வராதவை என்பதால் சென்னைக்குத்தான் போக வேண்டும். இதற்குள் மகனுக்குக் கல்யாணம் ஆகி, குழந்தை பிறந்து, கோயம்புத்தூரில் ஒரு தனியார் மருத்துவமனையில் வேலைக்கும் சேர்ந்துவிட்டான். கடைக்காரரின் வக்கீல் அதைக் கண்டுபிடித்து ஒரு கூடுதல் மனு போடுகிறார்: 'தேவை தீர்ந்துவிட்டது, வழக்கு இன்ஃப்ரக்சுவஸ்.'

வழக்கு நம்பர் அப்படியே இருக்கும், வாய்தாவும் நடக்கும், ஆனால் கோர்ட் தீர்ப்புச் சொல்லி ஆகப்போவது எதுவும் இருக்காது. இந்த நிலையைத்தான் கோர்ட் வட்டாரத்தில் இன்ஃப்ரக்சுவஸ் என்கிறார்கள். உத்தரவில் 'பயனற்றதாகிவிட்டதால் தள்ளுபடி' என்று வரும். இந்த ஒரு வரியில் உங்களுக்குச் சேர வேண்டிய பணமும் உரிமையும் சத்தமில்லாமல் போய்விடக்கூடும். எப்போது அந்த வரியை ஒப்புக்கொள்ளலாம், எப்போது எழுந்து நின்று மறுக்க வேண்டும் என்பதுதான் இந்த அத்தியாயம்.

கடைக் கேஸையே முதலில் முடிப்போம். இதற்கு உச்ச நீதிமன்றம் இரண்டு வழிகாட்டுதல்களைத் தந்திருக்கிறது, இரண்டையும் சேர்த்துப் படிக்க வேண்டும். 1975இல் பசுபுலேட்டி வெங்கடேஸ்வரலு வழக்கில் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர், மனு போட்ட பிறகு நடந்தவற்றையும் கோர்ட் கணக்கில் எடுக்கலாம், எடுக்க வேண்டும் என்றார். அந்த வழக்கில் கடை கேட்டுப் போராடிய உரிமையாளருக்கு, வழக்கு நடக்கும்போதே வேறொரு கடை கைக்கு வந்துவிட்டது. கேட்டது கிடைத்த பிறகு கேட்பதில் அர்த்தமில்லை அல்லவா? 2001இல் கயா பிரசாத் வழக்கு வந்தது. அதிலும் மகனுக்குக் கிளினிக் வைக்கத்தான் இடம் கேட்டார்கள். வழக்கு இருபது ஆண்டுகளுக்கு மேல் இழுத்தது, மகன் அரசு மருத்துவப் பணிக்குப் போய்விட்டார். அதனால் தேவை போய்விட்டது என்று வாடகைதாரர் வாதிட்டதை உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. தேவையை அளக்க வேண்டியது மனு போட்ட நாளை வைத்துத்தான்; பின்னால் நடந்தது அந்தத் தேவையை முழுதாக மூடி மறைப்பதாக இருந்தால் மட்டுமே வழக்கு விழும்; கோர்ட் தாமதத்துக்கான தண்டனையை உரிமையாளர் தலையில் கட்டக்கூடாது என்பது அதன் சாரம்.

ஆக, நம் கடைக்காரருக்குக் கோயம்புத்தூர் வேலை பெரிய ஆயுதமல்ல. பத்து வருடம் கையைக் கட்டிக்கொண்டு இருக்கச் சொல்லி எந்தப் பிள்ளையையும் யாரும் கேட்க முடியாது. ஆனால் இடையில் உரிமையாளர் அழகாபுரத்திலோ சுவர்ணபுரியிலோ இன்னொரு கட்டடம் வாங்கி, மகன் அங்கே கிளினிக் திறந்து போர்டும் மாட்டிவிட்டால் கதை வேறு. போர்டை போட்டோ எடுத்துக்கொண்டு வந்து கொடுத்தால் போதும்.

உரிமையாளர்கள் செய்கிற தவறு, இப்படிப் பின்னால் வந்த மாற்றங்களை மறைப்பது. எதிர்த்தரப்பு கண்டுபிடித்துச் சொல்லும்போது 'ஏன் சொல்லவில்லை' என்ற கேள்விதான் முதலில் எழும். மகன் வேலைக்குச் சேர்ந்தால் சேர்ந்த மாதமே நீங்களே உங்கள் வக்கீலிடம் சொல்லி, வழக்கு முடிந்ததும் திரும்பி வருவதாக மகனின் பிரமாண வாக்குமூலத்தோடு தாக்கல் செய்துவிடுங்கள். நீங்கள் சொன்னால் அது விளக்கம், அவர்கள் சொன்னால் குற்றச்சாட்டு.

கடைக்காரர் தானாகவே காலி செய்துவிட்டுப் போய்விட்டால்? சேலம் கோர்ட் வராந்தாவில் அடிக்கடி காதில் விழும் பேச்சு இது:

"ஏனுங்க சார், ஆள்தான் காலி பண்ணிட்டுப் போயிட்டாரே, இன்னும் எதுக்குங்க இந்தக் கேஸு? எழுதிக் குடுத்து முடிச்சு உடுங்க."

"முடிச்சுடலாங்க. வாடகை பாக்கி எத்தனை மாசமுங்க?"

"அது கெடக்குதுங்க, நாலு வருசமா."

நாலு வருட பாக்கி என்று சொன்னவர், அதில் முதல் வருடத்துப் பாக்கியை ஏற்கெனவே இழந்துவிட்டார். பழைய சட்டத்தின்கீழ் காலி செய்யும் மனுவில் பாக்கியை வசூலிக்கும் தீர்ப்பு கிடைக்காது, அதற்குத் தனி வழக்கு போட வேண்டும். அந்த வழக்குக்குக் கெடு, ஒவ்வொரு மாத வாடகையும் விழுந்த நாளிலிருந்து மூன்று ஆண்டுகள். காலி செய்யும் வழக்கு நடக்கிறது என்பதற்காக இந்தக் கடிகாரம் நிற்காது. வழக்கு பயனற்றுப் போகும் நாள்வரை காத்திருந்து பிறகு பாக்கியைக் கேட்கலாம் என்று இருப்பவர்களுக்கு மாதம் ஒரு வாடகை கழன்றுகொண்டே இருக்கும். இந்த அத்தியாயத்தில் பணம் சம்பந்தமாக ஒன்றை மட்டும் நினைவில் வைக்க முடியும் என்றால் இதை வையுங்கள்.

அடுத்தது, சாவு. வழக்கு நடக்கும்போது கட்சிக்காரர் இறந்தால் வழக்கும் அத்தோடு போய்விட்டது என்று பலர் நினைக்கிறார்கள். சொத்து, பணம், பாகப்பிரிவினை இவற்றில் அப்படியல்ல. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 22 இதற்கென்றே இருக்கிறது. இறந்த நாளிலிருந்து 90 நாளுக்குள் வாரிசுகளைச் சேர்க்க மனு போட வேண்டும். வாதி இறந்தால் அவர் வாரிசுகள் போட வேண்டும், பிரதிவாதி இறந்தால் வாதி போட வேண்டும். போடாவிட்டால் வழக்கு தானாகவே அற்றுப்போகும், அதற்குத் தனி உத்தரவுகூடத் தேவையில்லை. அற்றுப்போனதை ரத்து செய்ய மேலும் 60 நாள். அதுவும் தாண்டினால் தாமதத்தை மன்னிக்கக் கோரி, காரணம் சொல்லி நிற்க வேண்டியதுதான். எதிர்த்தரப்பில் ஒருவர் இறந்தது உங்களுக்குத் தெரியாமலே போகலாம் என்பதால், தன் கட்சிக்காரர் இறந்தால் அவருடைய வக்கீல் கோர்ட்டுக்குத் தெரிவிக்க வேண்டும் என்று விதி 10ஏ சொல்கிறது. விசாரணை முடிந்து தீர்ப்புக்காக ஒத்திவைத்திருக்கும்போது இறந்தால் பாதிப்பில்லை, தீர்ப்பு சொல்லலாம்.

நாமக்கல், சங்ககிரி, திருச்செங்கோடு பக்கம் லாரியையும் போர்வெல் ரிக்கையும் நம்பி வாழும் குடும்பங்களுக்கு இதில் ஒரு தனிப் பகுதி உண்டு. விபத்தில் காயம்பட்டவர் நஷ்டஈடு கேட்டு மனு போடுகிறார். வழக்கு முடிவதற்குள், விபத்துக்குச் சம்பந்தமே இல்லாமல், மாரடைப்பில் இறக்கிறார். காயத்துக்கான உரிமை அவரோடு போய்விட்டது என்று இன்சூரன்ஸ் தரப்பு வழக்கமாக வாதிடும். 2021இல் கலோன் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைப் பிரித்துப் பார்த்தது. உடல் வேதனைக்கான நஷ்டஈடு அவரோடு போகலாம், ஆனால் மருத்துவச் செலவு, வருமான இழப்பு போன்றவை அவர் சொத்திலிருந்து போனவை, அவற்றை வாரிசுகள் தொடர்ந்து கேட்கலாம் என்றது. அதற்கும் மேலே போய், 2019ஆம் ஆண்டு மோட்டார் வாகனத் திருத்தச் சட்டம் பிரிவு 166இல் ஐந்தாவது உட்பிரிவைச் சேர்த்தது. சாவுக்கும் காயத்துக்கும் தொடர்பு இருக்கிறதோ இல்லையோ, நஷ்டஈடு கேட்கும் உரிமை வாரிசுகளுக்கு வரும் என்கிறது அது. 2022 ஏப்ரல் 1 முதல் அமலில் இருக்கிறது. ஆகவே அப்பா போய்விட்டாரே என்று அந்த வழக்குக் கட்டைப் பரணில் போடாதீர்கள். இறப்புச் சான்றும் வாரிசுச் சான்றும் வாங்கிக்கொண்டு 90 நாளுக்குள் வக்கீலைப் பாருங்கள்.

கிரிமினல் வழக்கில் நிலைமை வேறு. குற்றம் சாட்டப்பட்டவர் இறந்தால் அவர் மீதான மேல்முறையீடு அற்றுப்போகும், அபராதம் பற்றிய பகுதிக்கு விலக்கு உண்டு. தமிழ்நாட்டில் எல்லோருக்கும் தெரிந்த உதாரணம் சொத்துக் குவிப்பு வழக்கு. ஜெயலலிதா 2016 டிசம்பர் 5 அன்று இறந்தார். 2017 பிப்ரவரி 14 அன்று உச்ச நீதிமன்றம் அவர் மீதான மேல்முறையீடு அற்றுப்போனதாகச் சொல்லிவிட்டு, உயிரோடிருந்த மற்ற மூவருக்கும் தண்டனையை உறுதி செய்தது. ஒரே வழக்கு, ஒருவருக்கு முடிந்து மற்றவர்களுக்குத் தொடர்ந்தது. பல பிரதிவாதிகள் உள்ள உங்கள் வழக்கிலும் ஒருவர் விஷயத்தில் முடிந்ததை வைத்து எல்லோருக்கும் முடிந்தது என்று எழுதிவிடாதபடி பார்த்துக்கொள்ளுங்கள்.

இனி, காலமே பிரச்சினையாகிற வழக்குகள். ராசிபுரம், நாமக்கல், திருச்செங்கோடு சுற்றுவட்டாரத்துப் பள்ளிகளிலும் பயிற்சி மையங்களிலும் படிக்க எத்தனையோ மாவட்டத்துப் பிள்ளைகள் வருகிறார்கள். மருத்துவ இடம் தவறாக மறுக்கப்பட்டால் பெற்றோர் ஓடுவது உயர் நீதிமன்றத்துக்குத்தான். ஆனால் சேர்க்கைக்குக் கடைசித் தேதி என்று ஒன்று உண்டு. அதற்குள் தீர்ப்பு வராவிட்டால் 'கல்வியாண்டு முடிந்தது, மனு பயனற்றது' என்று முடிந்துவிடும். 2019 டிசம்பரில் எஸ். கிருஷ்ண ஸ்ரத்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்தக் கதவை முழுதாக மூட மறுத்தது. மாணவர் மீது எந்தத் தவறும் இல்லை, தாமதமும் செய்யவில்லை, உடனே கோர்ட்டுக்கு வந்தார் என்றால், அரிதான சந்தர்ப்பங்களில் அடுத்த ஆண்டில் இடம் தரச் சொல்லலாம், நஷ்டஈடும் தரச் சொல்லலாம் என்றது. இதில் முக்கியமான வார்த்தை 'உடனே' என்பது. கவுன்சலிங் முடிந்து இரண்டு மாதம் அமைச்சர் வீட்டுக்கும் கட்சிக்காரர் வீட்டுக்கும் அலைந்துவிட்டுக் கடைசியில் கோர்ட்டுக்குப் போகிறவர்களுக்கு இந்தத் தீர்ப்பு உதவாது.

அமெரிக்காவிலும் இதே சிக்கல் வந்தது. 1974இல் டிஃபுனிஸ் என்ற சட்டக் கல்லூரி மாணவரின் வழக்கு அந்நாட்டு உச்ச நீதிமன்றத்துக்கு வந்து சேர்ந்தபோது, இடைக்கால உத்தரவில் சேர்ந்து படித்த அவர் படிப்பையே முடிக்கப்போகிற நிலையில் இருந்தார். சேர்க்கையைப் பற்றித் தீர்ப்புச் சொல்ல எதுவும் இல்லை என்று கோர்ட் ஒதுங்கிவிட்டது. அதற்கு முந்தைய ஆண்டு, கருக்கலைப்பு குறித்த வழக்கில் அதே கோர்ட் வேறு மாதிரி நடந்துகொண்டது. எந்தக் கர்ப்பமும் வழக்கு முடியும்வரை நீடிக்காது, அதனால் ஒவ்வொரு முறையும் பயனற்றது என்று தள்ளினால் இந்தக் கேள்விக்கு என்றைக்குமே பதில் வராது என்று சொல்லி வழக்கை எடுத்து விசாரித்தது.

நம் ஊரில் இந்தத் தர்க்கம் அதிகம் தேவைப்படுவது தடுப்புக் காவலில். 1982ஆம் ஆண்டுச் சட்டப்படி, நாம் குண்டாஸ் என்று சொல்வது, அதிகபட்சம் 12 மாதம். ஆட்கொணர்வு மனு வரிசையில் நின்று விசாரணைக்கு வருவதற்குள் அந்தக் காலம் முடிந்துவிட்டால் மனுவும் முடிந்தது. சேலத்தில் துண்டறிக்கை கொடுத்ததற்காக 2017 ஜூலையில் குண்டாஸில் அடைக்கப்பட்ட ஒரு கல்லூரி மாணவியின் உத்தரவை உயர் நீதிமன்றம் அந்த செப்டம்பரிலேயே ரத்து செய்தது. அவருக்குப் பயன்பட்டது அந்த வேகம்தான். குடும்பத்தில் யாருக்காவது இப்படி நேர்ந்தால் காவல் உத்தரவைப் பரிசீலிக்கும் அறிவுரைக் குழுமத்தின் முடிவு வரட்டும் என்று மனுவைத் தள்ளிப்போடாதீர்கள், இரண்டையும் சேர்த்தே நடத்தலாம்.

தேர்தல் வழக்குகளைப் பற்றி இரண்டே வரி. 2016இல் ராதாபுரம் சட்டமன்றத் தொகுதியில் 49 ஓட்டு வித்தியாசம். 2019 அக்டோபரில் மறு எண்ணிக்கையும் நடந்தது, ஆனால் முடிவை அறிவிக்க உச்ச நீதிமன்றம் தடை விதித்திருந்தது, 2021இல் அந்தச் சட்டமன்றத்தின் காலமே முடிந்துபோனது. சபை கலைந்தாலும் ஊழல் நடவடிக்கைக் குற்றச்சாட்டு இருந்தால் மனு பிழைக்கும், வெறும் எண்ணிக்கைத் தகராறு என்றால் பிழைக்காது என்பது 1969லும் 1974லும் உச்ச நீதிமன்றம் போட்ட கோடு. ஊராட்சித் தேர்தல் மனுவில்கூட, காலம் முடிந்த பிறகு எது மிச்சமிருக்கும் என்று யோசித்துத்தான் கோரிக்கையை எழுத வேண்டும்.

அரசு எதிர்த்தரப்பாக இருக்கும் வழக்குகளில் கவனம் இரட்டிப்பாக வேண்டும். நீங்கள் எதிர்த்த அரசாணையையே திரும்பப் பெற்றுக்கொண்டு வேறொன்றைப் போட்டுவிடுவார்கள். அரசு வழக்கறிஞர் எழுந்து, 'பழைய ஆணை இப்போது இல்லை, மனு இன்ஃப்ரக்சுவஸ்' என்பார். உண்மையிலேயே திரும்பப் பெற்றால் சந்தோஷம்தான். மூன்று வேளாண் சட்டங்களை நாடாளுமன்றம் 2021 நவம்பர் கடைசியில் ரத்து செய்தது அப்படிப்பட்டது. ஆனால் புது ஆணையில் அதே விஷயம் வேறு எண்ணில் வந்திருக்கிறதா என்று வரிவரியாகப் பாருங்கள். வந்திருந்தால் அன்றைக்கே அவகாசம் கேட்டு, கோரிக்கையைத் திருத்தும் மனு போட்டு, புது ஆணையையும் அதே வழக்கில் எதிர்க்கலாம். அரசு சொல்வதை கோர்ட் எப்போதும் ஏற்கும் என்றும் இல்லை. 2016 நவம்பர் 8 பணமதிப்பிழப்பை எதிர்த்து வந்த 58 மனுக்களில், நோட்டுகள் மாறி ஆறு ஆண்டு ஆகிவிட்டதால் இது வெறும் ஏட்டுக் கேள்வி என்று மத்திய அரசு வாதிட்டது. ஐந்து நீதிபதிகள் அமர்வு அதையும் மீறி விசாரித்து, 2023 ஜனவரி 2 அன்று நாலுக்கு ஒன்று என்று அரசுக்குச் சாதகமாகத் தீர்ப்புச் சொன்னது. பழைய நோட்டு யாருக்கும் திரும்ப வரவில்லை. ஆனால் அந்த அதிகாரம் அரசுக்கு உண்டா என்ற கேள்விக்கு பதிலும், நீதிபதி நாகரத்னாவின் மாறுபட்ட தீர்ப்பும் கிடைத்தன.

சேலத்துக்காரர்களிடம் எட்டுவழிச் சாலையைப் பற்றிப் பேசாமல் இந்தப் பகுதியை முடிக்க முடியாது. 2018இல் அறிவித்த, சென்னை–சேலம் 277 கிலோமீட்டர் சாலை. ஐந்து மாவட்டங்களில் நிலத்தில் கல் நட்டார்கள். 2019 ஏப்ரல் 8 அன்று சென்னை உயர் நீதிமன்றம் நிலமெடுப்பு அறிவிக்கையை ரத்து செய்தது. 2020 டிசம்பர் 8 அன்று உச்ச நீதிமன்றம் அறிவிக்கை செல்லும் என்றது, ஆனால் நிலமெடுப்பு முடிவதற்கு முன்னாலேயே வருவாய்ப் பதிவேடுகளில் விவசாயிகளின் பெயரை மாற்றியது தவறு, பழையபடி திருத்த வேண்டும் என்பதை விட்டுக்கொடுக்கவில்லை. தேசிய நெடுஞ்சாலைச் சட்டத்தில் இன்னொரு விதியும் உண்டு. நிலமெடுக்கும் நோக்கத்தைச் சொல்லும் பிரிவு 3ஏ அறிவிக்கை வந்த ஓராண்டுக்குள், நிலத்தை எடுக்கும் 3டி பிரகடனம் வராவிட்டால் அறிவிக்கை தானாகவே காலாவதியாகும். கோர்ட் தடை இருந்த காலத்தை மட்டும் அந்த ஓராண்டில் கழித்துக்கொள்ளலாம். எந்தச் சாலைக்காக நிலம் கேட்டாலும் சரி, இந்த இரண்டு தேதிகளையும் தடை இருந்த நாட்களையும் ஒரு தாளில் எழுதிப் பீரோவில் ஒட்டி வையுங்கள். திட்டம் பேச்சில்லாமல் போய்விட்டது, இனி வழக்கு எதற்கு என்று விட்டுவிட்டுப் பத்து வருடம் கழித்து மகள் கல்யாணத்துக்கு நிலத்தை விற்கப்போகும்போது பட்டாவில் வேறு பெயர் இருந்தால் அன்றைக்கு யாரிடம் போவீர்கள்? வழக்கை முடிக்குமுன் பட்டா, 'அ' பதிவேடு நகல், வில்லங்கச் சான்று மூன்றையும் எடுத்துப் பாருங்கள்.

பக்கத்து மனைக்காரரோடு சுவர்த் தகராறில் நேரெதிர் சூழ்ச்சி நடக்கும். 'கட்டாதே' என்று உறுத்துக்கட்டளை கேட்டு நீங்கள் வழக்கு போடுவீர்கள். கோர்ட் லீவு விட்ட மே மாதத்தில் அவர் கட்டி முடித்துவிடுவார். 'கட்டி முடித்தாயிற்று, தடுக்க எதுவுமில்லை' என்பார் அவர் வக்கீல். இது இன்ஃப்ரக்சுவஸ் ஆகாது, ஆகவும் விடக்கூடாது. கட்டளை 6 விதி 17இன்கீழ் வாதுரையைத் திருத்தி, இடித்துத் தரச் சொல்லும் மேண்டேட்டரி இன்ஜங்ஷனாக மாற்றிக் கேளுங்கள். அதற்கு ஆதாரமாக, வழக்கு போட்ட முதல் வாரத்திலேயே வக்கீல் கமிஷனரை வைத்து இடத்தை அளந்து, போட்டோவோடு ரிப்போர்ட் வாங்கி வைத்திருக்க வேண்டும். வழக்கு நடக்கும்போது அவர் அந்த மனையை வேறொருவருக்கு விற்றுவிட்டாலும் கவலை வேண்டாம், சொத்து மாற்றுச் சட்டத்தின் பிரிவு 52 வாங்கியவரையும் தீர்ப்பு கட்டுப்படுத்தும் என்கிறது.

கடைசியாக, முடிக்கத்தான் வேண்டும் என்ற நிலை வந்துவிட்டால் எப்படி முடிப்பது? 'இன்ஃப்ரக்சுவஸ்', 'நாட் பிரஸ்டு' (வலியுறுத்தவில்லை) என்று ஒற்றை வார்த்தையில் மேலட்டையில் எழுதிக் கொடுப்பது வக்கீல்களுக்குச் சுலபம். நீங்கள் ஒத்துக்கொள்ள வேண்டாம். ஃபேர்லேண்ட்ஸ் கடைக்காரர் 2025 மார்ச்சில் காலி செய்துவிட்டார் என்றால் மெமோ இப்படி இருக்கட்டும்:

'எதிர்மனுதாரர் 12.03.2025 அன்று மனுச் சொத்தைக் காலி செய்து சாவியை மனுதாரரிடம் ஒப்படைத்துவிட்டார். ஆகவே காலி செய்யக் கோரும் பரிகாரம் நிறைவேறிவிட்டது. நிலுவை வாடகை, மின் கட்டண பாக்கி, கட்டடச் சேதம் ஆகியவற்றுக்காகத் தனியே நடவடிக்கை எடுக்க மனுதாரருக்குள்ள உரிமைக்குப் பாதகமின்றி இம்மனுவை முடித்துவைக்க வேண்டுகிறோம்.'

சாவி கொடுத்த தேதி இருக்கிறதா, பாக்கியின் பெயர் இருக்கிறதா, 'பாதகமின்றி' இருக்கிறதா என்று பாருங்கள். சிவில் வழக்கை வாபஸ் வாங்குவதானால் கட்டளை 23 விதி 1இன்கீழ் புது வழக்கு போடும் அனுமதியை மனுவிலேயே கேட்டு, உத்தரவிலும் அது ஏறியிருக்கிறதா என்று பார்க்க வேண்டும். அனுமதி இல்லாமல் வாபஸ் வாங்கினால் அதே காரணத்துக்கு மறுபடி வழக்கு போட முடியாது.

பண வழக்கில் எதிர்த்தரப்பு வெளியே பேசிப் பணத்தைக் கொடுத்துவிட்டால் இன்னும் கவனம். 'பயனற்றது' என்று முடித்தால் கட்டிய கோர்ட் கட்டணம் திரும்ப வருமா என்ற கேள்வி எழும். சமரசம் என்று பதிவு செய்து முடித்தால் தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டத்தின் பிரிவு 69ஏ முழுத் தொகையையும் திருப்பித் தரச் சொல்கிறது. கோர்ட் அனுப்பிய சமரச மையத்தில் பேசி முடித்தால்தான் இது கிடைக்கும் என்று அலுவலகத்தில் யாராவது சொன்னால், சென்னை உயர் நீதிமன்றமே எதிர்த்து மேல்முறையீடு போய்த் தோற்ற எம்.சி. சுப்பிரமணியம் வழக்கைக் காட்டுங்கள். கட்சிக்காரர்கள் தாங்களே வெளியில் பேசி முடித்தாலும் கட்டணம் திரும்பக் கிடைக்கும் என்று 2021 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அதில் சொல்லிவிட்டது. 10 லட்ச ரூபாய் வழக்குக்கு 3 சதவீதம் என்றால் 30,000 ரூபாய். விட்டுவிடுகிற தொகையா அது?

உத்தரவு வந்த பிறகு சான்றிட்ட நகலுக்கு அன்றே காப்பி அப்ளிகேஷன் போடச் சொல்லுங்கள். இ-கோர்ட்ஸ் தளத்தில் உங்கள் 16 எழுத்து சி.என்.ஆர். எண்ணைப் போட்டு, முடித்த விதம் சரியாக ஏறியிருக்கிறதா என்றும் பாருங்கள். வழக்கு நடந்தபோது கோர்ட்டில் கட்டிய வாடகை டெபாசிட் இருந்தால் செக் பெட்டிஷன் தனியாகப் போட வேண்டும், அது தானாக வீட்டுக்கு வராது. கிரயப் பத்திரம், வாடகை ஒப்பந்தம் என்று அசல்கள் எதையாவது கொடுத்திருந்தால் கட்டு ரெக்கார்டு ரூமுக்குப் போவதற்கு முன்னாலேயே திரும்பக் கேட்டு மனு போட்டுவிடுங்கள். அப்பீல் கெடு ஓடும்போது அசலைத் தரத் தயங்குவார்கள் என்பதால் சான்றிட்ட நகல் வைத்துக்கொண்டு அசலைத் தரும்படி கேட்பதுதான் வழக்கம்.